மலையில் சொத்துப் பாகம்: திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகள்

கோத்தகிரியில் ஒரு பத்திர எழுத்தரிடம் பதினெட்டு வருடம் வேலை பார்த்தேன். வில்லங்கம் போட்டுக் கொடுப்பது, பழைய பத்திரத்தைப் படித்துச் சொல்வது, சாட்சிக் கையெழுத்துக்கு ஆள் பிடிப்பது எல்லாம் என் வேலை. இப்போது சட்ட உதவி கேட்டு வருபவர்களுக்கு மனு எழுதிக் கொடுக்கிறேன். நான் வக்கீல் இல்லை. வக்கீலிடம் போவதற்கு முன்னால் மக்கள் என்ன கேட்பார்கள் என்பது மட்டும் எனக்கு மனப்பாடம்.

ஊட்டி, குன்னூர், கூடலூர்க்காரர்கள் கேட்பதையேதான் கொடைக்கானல் மேல்மலையில் இருக்கும் என் தங்கையின் புகுந்த வீட்டாரும் கேட்கிறார்கள். இங்கே தேயிலை, அங்கே பூண்டு, அவ்வளவுதான் வித்தியாசம். கேள்விகளை அவரவர் கேட்டபடியே போட்டிருக்கிறேன். உங்கள் வழக்கில் முடிவு எடுப்பதற்கு முன் காகிதங்களை ஒரு வக்கீலிடம் காட்டிவிடுங்கள்.

1. பட்டா என் பேர்லதான் இருக்கு. அப்போ நிலம் எனக்குத்தானே?

இல்லை. யாரிடம் வரி வாங்குவது, யார் அனுபவத்தில் இருக்கிறது என்று வருவாய்த் துறை வைத்திருக்கும் கணக்குதான் பட்டா. உரிமை வருவது பத்திரத்தாலும் வாரிசுரிமையாலும் கோர்ட் தீர்ப்பாலும்தான். அப்பா இறந்ததும் கிராம நிர்வாக அலுவலரிடம் போய் வந்தவர் பெரியண்ணன், அதனால் பட்டா அவர் பெயருக்கு மாறியது என்பது எத்தனையோ வீட்டுக் கதை. அதனால் மற்றவர்கள் பங்கு போய்விடாது. வாரிசுச் சான்றும் அப்படித்தான். யார் யார் வாரிசு என்று தாசில்தார் சொல்வார், யாருக்கு எவ்வளவு என்று சொல்ல மாட்டார்.

அதற்காகப் பட்டாவை அலட்சியமாக விடவும் வேண்டாம். அனுபவத்துக்கு அது நல்ல சாட்சி. பெயர் விடுபட்டது தெரிந்தால் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்யுங்கள்.

2. தாத்தா சொத்துன்னா பேரனுக்குப் பொறந்ததுமே பங்கு உண்டுதானே?

அதிகம் பேர் தப்பாகப் புரிந்து வைத்திருப்பது இதைத்தான். பூர்வீகம் என்று நாம் வீட்டில் பேசும்போது அதற்கு ஒரு பொருள், கோர்ட்டில் வேறு பொருள். தாத்தாவுடையது எல்லாம் பூர்வீகம் ஆகிவிடாது.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். தாத்தா 1962-ல் சொந்தப் பணத்தில் இரண்டு ஏக்கர் உருளைக்கிழங்குக் காடு வாங்கினார், அப்புறம் தேயிலை நட்டார், 1981-ல் உயில் எழுதாமல் இறந்தார் என்று வையுங்கள். இந்து வாரிசுரிமைச் சட்டம் 17.6.1956-லேயே வந்துவிட்டது. அதன் 8-வது பிரிவுப்படி அந்த நிலம் பாட்டிக்கும் பிள்ளைகளுக்கும் இறங்குகிறது. அதில் உங்கள் அப்பாவுக்கு வந்த பங்கு அவருடைய தனிச் சொத்து. அவர் விற்கலாம், யாருக்கு வேண்டுமானாலும் எழுதி வைக்கலாம். அவர் இருக்கும்வரை அதில் பேரன் பாகம் கேட்க முடியாது. உச்ச நீதிமன்றம் 1986-ல் சந்தர் சென் வழக்கிலேயே இதைச் சொல்லிவிட்டது. இன்னும் பேரன்கள் வழக்குப் போட்டுத் தோற்றுக்கொண்டுதான் இருக்கிறார்கள்.

கொள்ளுத்தாத்தா காலத்திலிருந்து பிரிக்காமலே இறங்கி வந்த நிலம் என்றாலோ, 1956-க்கு முன்பே தாத்தா இறந்து அப்பா கைக்கு வந்தது என்றாலோ பிறப்புரிமை பேச இடம் உண்டு. அதனால்தான் என்னிடம் யார் வந்தாலும் எத்தனை ஏக்கர் என்று நான் கேட்பதில்லை. யார் எந்த வருஷம் இறந்தார் என்று கேட்பேன்.

3. அப்பா உயில் எழுதாமப் போயிட்டார். யார் யாருக்கு எவ்வளவு?

இந்துக் குடும்பம், அப்பாவின் தனிச் சொத்து என்றால் மனைவி, மகன்கள், மகள்கள், இறந்தவரின் தாய் எல்லாருக்கும் சமபங்கு. பாட்டி உயிரோடு இருக்கிறார், அம்மா, இரண்டு மகன்கள், ஒரு மகள் என்றால் ஐந்து பங்கு. பாட்டியை எல்லாரும் மறந்துவிடுகிறார்கள். அவர் பங்கு அவர் காலத்துக்குப் பிறகு அவருடைய பிள்ளைகளுக்கு, அதாவது உங்கள் சித்தப்பாவுக்கும் அத்தைக்கும்கூடப் போகும். முன்னமே இறந்துபோன மகன் இருந்தால் அவர் பங்கை அவருடைய மனைவி, பிள்ளைகள் எடுத்துக்கொள்வார்கள்.

கிறிஸ்தவக் குடும்பத்துக்கு 1925-ம் வருட இந்திய வாரிசுரிமைச் சட்டம். மனைவிக்கு மூன்றில் ஒரு பங்கு, மீதி மூன்றில் இரண்டு பங்கு பிள்ளைகளுக்குச் சமமாக. ஆண், பெண் வித்தியாசம் இல்லை, பிறப்புரிமை என்ற பேச்சும் இல்லை. முஸ்லிம் குடும்பத்தில் பிள்ளைகள் இருந்தால் மனைவிக்கு எட்டில் ஒன்று, மகனுக்குக் கிடைப்பதில் பாதி மகளுக்கு. இனி வரும் பதில்களில் வேறு மாதிரி சொல்லாவிட்டால் இந்துக் குடும்பத்தைப் பற்றித்தான் பேசுகிறேன்.

4. எனக்கு 1987-லயே கல்யாணம் ஆயிடுச்சு. பொண்ணுக்கும் சமபங்குங்கற சட்டம் எனக்கு வராதுன்னு சொல்றாங்களே?

அவர்கள் சொல்வது பழைய சட்டத்தை. தமிழ்நாட்டில் 25.3.1989-ல் ஒரு திருத்தம் வந்தது. அந்தத் தேதியில் கல்யாணம் ஆகாத பெண்களுக்குத்தான் கூட்டுக்குடும்பச் சொத்தில் மகனுக்குச் சமமான பிறப்புரிமை. அதற்கு முன்னால் தாலி ஏறியவர்களுக்கு இல்லை. ஒரே வீட்டில் அக்காவுக்கு இல்லை, தங்கைக்கு உண்டு என்று ஆனது அதனால்தான். பிறகு 9.9.2005-ல் மத்தியச் சட்டமே திருத்தப்பட்டு அந்த வித்தியாசம் போய்விட்டது. கல்யாணம் எப்போது நடந்தாலும் மகளும் மகனும் ஒன்று.

2005-க்கு முன்பே அப்பா இறந்துவிட்டாரே என்று அடுத்துக் கேட்பார்கள். அப்பா அந்தத் தேதியில் உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று உச்ச நீதிமன்றம் 11.8.2020-ல் வினீதா சர்மா வழக்கில் தீர்த்துச் சொல்லிவிட்டது. ஒரு தடை மட்டும் உண்டு. 20.12.2004-க்கு முன்பே பதிவுப் பத்திரமாகவோ கோர்ட் தீர்ப்பாகவோ பாகம் முடிந்திருந்தால் அதைக் கிளற முடியாது. அப்போதே முறைப்படி விற்றுப்போன நிலத்துக்கும் இதே கதிதான். அப்பாவின் தனிச் சொத்தில் 3-வது பதிலில் சொன்ன சமபங்குக்கு இந்தத் தேதிகள் எதுவும் குறுக்கே வராது.

5. கல்யாணத்துக்கு நகை போட்டோம், சீர் செஞ்சோம். அதுதான் அவ பங்குன்னு அண்ணன் சொல்றாரே?

சீர் சீர்தான். பங்கு வேறு. பங்கை விட்டுக்கொடுக்க வேண்டும் என்றால் பெண் தானே பதிவு செய்த விடுதலைப் பத்திரம் எழுதித் தர வேண்டும். வெற்றுத் தாளில் வாங்கிய கையெழுத்து, நோட்டில் எழுதிய நகைக் கணக்கு எதுவும் அந்த இடத்தை நிரப்பாது.

விடுதலைப் பத்திரம் எழுதிவிட்டு அப்புறம் வந்து அழுகிறவர்களையும் பார்த்திருக்கிறேன். பதிவு அலுவலகத்தில் கையெழுத்துப் போடும் முன் இது என்ன பத்திரம் என்று சத்தமாகக் கேட்டுவிடுங்கள். அண்ணன் கோபித்துக்கொண்டால் கோபித்துக்கொள்ளட்டும்.

6. எங்க ஹட்டி (படுகர் ஊர்) வழக்கப்படி வீடு கடைசி மகனுக்கு. கோர்ட் இதை ஏத்துக்காதா?

ஊரில் எல்லாரும் மனதார ஏற்றுக்கொண்டு எழுதிக்கொண்டால் கோர்ட்டுக்கு அதில் வேலையே இல்லை. ஒருவர் மறுத்துவிட்டால் வழக்கம் நிற்காது. இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 4-வது பிரிவு, அந்தச் சட்டம் பேசும் விஷயங்களில் பழைய வழக்கத்தை எல்லாம் தள்ளிவிட்டது. படுகர்கள் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலில் இருக்கிறார்கள். பழங்குடிப் பட்டியலில் சேர்க்கச் சொல்லும் கோரிக்கை பல வருடமாக இருந்தாலும் இன்றைய நிலையில் இந்து வாரிசுரிமைச் சட்டம்தான் அவர்களுக்கு.

அப்பா அம்மாவைக் கடைசிவரை பார்த்துக்கொண்ட மகனுக்கு வீடு என்பதில் ஒரு நியாயம் இருக்கிறது, அதை நான் மறுக்கவில்லை. அந்த நியாயத்தை அப்பா இருக்கும்போதே உயிலாகவோ செட்டில்மெண்டாகவோ எழுதி வைத்திருக்க வேண்டும்.

7. நாங்க பழங்குடி. எங்களுக்கும் இதே சட்டமா?

இல்லை. மத்திய அரசு தனியாக அறிவித்தால் ஒழிய இந்து வாரிசுரிமைச் சட்டம் பட்டியல் பழங்குடியினருக்குப் பொருந்தாது என்று அதன் 2-வது பிரிவே சொல்கிறது. நீலகிரியில் தோடர், கோத்தர், குறும்பர், இருளர், பணியர், காட்டுநாயக்கர், பழனி மலையில் பளியர் எல்லாரும் இதில் வருவார்கள். அவர்களுக்கு அவரவர் சமூக வழக்கம்தான் சட்டம். அந்த வழக்கத்தைச் சொல்பவர்தான் நிரூபிக்க வேண்டும்.

பெண்களுக்குப் பங்கு உண்டா என்பது இன்னும் முழுதாக முடிந்த விஷயம் இல்லை. 2022 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் இந்தச் சட்டத்தின் கீழ் பழங்குடிப் பெண்ணுக்குப் பங்கு தர முடியாது என்று சொல்லி, சட்டத்தைத் திருத்துவது பற்றி யோசிக்கும்படி மத்திய அரசைக் கேட்டுக்கொண்டது. 2025 ஜூலையில் இன்னொரு வழக்கில், பெண்ணை ஒதுக்கும் வழக்கம் இருப்பதாக நிரூபிக்காதபோது அவளுக்குச் சமபங்கு மறுக்கக் கூடாது என்றது. ஆகவே பெண்ணுக்கு இல்லை என்று யாராவது ஒரே வரியில் முடித்தால் நம்பிவிடாதீர்கள். 2006-ம் வருட வன உரிமைச் சட்டத்தில் கிடைத்த நிலம் என்றால் அது வாரிசுக்கு இறங்கும், ஆனால் விற்க முடியாது. கணவன் மனைவி இருவர் பெயரிலும் தரப்பட வேண்டும்.

8. தாத்தா காலத்துலயே வாய்ப்பேச்சாப் பிரிச்சுக்கிட்டோம். பேப்பர் இல்ல. செல்லுமா?

வாய்மொழிப் பாகம் செல்லாது என்று சட்டம் சொல்லவில்லை. அதை நிரூபிப்பதுதான் மலை ஏறுகிற வேலை. தனித்தனிப் பட்டா, தனித்தனி வரி ரசீது, தேயிலை ஃபேக்டரியில் ஒவ்வொருவர் பெயரிலும் தனி இலைக் கணக்கு, தனி மின் இணைப்பு, ஒருவர் தன் துண்டை மட்டும் விற்ற பத்திரம் என்று சேர்த்துக் காட்ட வேண்டும். மகளின் பங்கைத் தடுக்க வாய்மொழிப் பாகத்தைச் சொன்னால் கோர்ட் இன்னும் கெடுபிடியாகப் பார்க்கும். அரசு ஆவணங்களால் உறுதிப்படும் அபூர்வமான வழக்கில் மட்டும்தான் ஏற்பேன் என்று 4-வது பதிலில் சொன்ன 2020 தீர்ப்பு சொல்கிறது.

கூர்ச்சீட்டு, அதாவது பங்கு பிரித்ததை எழுதிய தாள், வைத்திருக்கிறவர்கள் அதில் உள்ள வாசகத்தைப் படித்துப் பாருங்கள். இன்று முதல் இப்படிப் பிரித்துக்கொள்கிறோம் என்று இருந்தால் அதுவே பாகப்பிரிவினைப் பத்திரம், பதிவு செய்யாவிட்டால் உரிமைக்குச் சாட்சியாக எடுக்க மாட்டார்கள். முன்பே பிரித்துக்கொண்டதை நினைவுக்காக எழுதி வைக்கிறோம் என்றிருந்தால் பதிவு தேவையில்லை. ஒரு வினைச்சொல்லின் காலத்தை வைத்து ஒரு வழக்கே திரும்பிவிடும்.

9. உயிலைப் பதிவு பண்ணியே ஆகணுமா?

கட்டாயம் இல்லை. எழுதியவர் கையெழுத்தும் இரண்டு சாட்சிகளும் வேண்டும், அதுதான் முக்கியம். சண்டை வந்தால் அந்தச் சாட்சிகளில் ஒருவராவது கோர்ட்டில் ஏறி, நான் பார்க்கக் கையெழுத்துப் போட்டார் என்று சொல்ல வேண்டும். எழுபத்தைந்து வயதுக்காரர் தன் வயதுச் சிநேகிதர்களையே சாட்சியாகப் போடுவதைப் பார்க்கும்போது எனக்குப் பகீர் என்றிருக்கும். வயதில் இளையவராக, பங்கு எதுவும் வாங்காதவராகப் பிடியுங்கள். பதிவு செய்தால் தொலைந்துபோகும் பயம் குறையும், போலி என்று சொல்வதும் கடினம்.

அப்பா தன் பங்குக்கு மட்டும்தான் உயில் எழுத முடியும். கூட்டுக்குடும்பச் சொத்து முழுவதையும் ஒருவருக்கு எழுதினால் மற்றவர்கள் பங்கு அளவுக்கு அது செல்லாது. முஸ்லிமாக இருந்தால், மற்ற வாரிசுகள் சம்மதிக்காதவரை மூன்றில் ஒரு பங்குக்கு மேல் எழுத முடியாது.

10. அம்மா எல்லாத்தையும் தம்பிக்கு செட்டில்மெண்ட் எழுதிட்டாங்க. இப்போ அவன் சோறு போடல. ரத்து பண்ணலாமா?

உயிலை எத்தனை தடவை வேண்டுமானாலும் மாற்றலாம். செட்டில்மெண்ட் அப்படி இல்லை, எழுதிப் பதிவு செய்து கொடுத்தால் கொடுத்ததுதான். வழி ஒன்று இருக்கிறது. 2007-ம் வருட மூத்த குடிமக்கள் சட்டத்தின் 23-வது பிரிவில், பார்த்துக்கொள்ள வேண்டும் என்ற நிபந்தனையோடு கொடுத்த சொத்தை, அவன் பார்க்காவிட்டால் கோட்டாட்சியர் ரத்து செய்யலாம். ஊட்டி, குன்னூர், கூடலூர், கொடைக்கானல் நான்கு இடத்திலும் கோட்டாட்சியர் இருக்கிறார். மனு அம்மா சார்பில் இருக்க வேண்டும், பங்கு கிடைக்காத அண்ணன் தனக்காகப் போட முடியாது. நிபந்தனை பத்திரத்திலேயே இருக்க வேண்டுமா என்பதில் தீர்ப்புகள் இரண்டு பக்கமும் இருப்பதால், இனி எழுதுகிறவர்கள் அந்த ஒரு வரியைப் பத்திரத்திலேயே சேர்த்துவிடுங்கள்.

அம்மாவுக்கு எவ்வளவு சொந்தமோ அவ்வளவுக்குத்தான் அந்த செட்டில்மெண்ட் செல்லும். அப்பாவின் நிலத்தில் அம்மாவுக்கு நான்கில் ஒரு பங்குதான் என்றால் மீதி முக்கால் பங்கை அவர் எழுதியிருந்தாலும் தம்பிக்குப் போகாது.

11. இருபது வருஷமா அண்ணன்தான் தோட்டம் பாக்குறார். பன்னெண்டு வருஷம் தாண்டினா எங்க உரிமை போயிடும்ங்கறாங்களே?

பன்னிரண்டு வருட அனுபவப் பாத்தியம் என்பது அந்நியனுக்கு எதிராகப் பேசுவது. பங்காளிகளில் ஒருவர் அனுபவித்தால் அது எல்லாருக்காகவும் அனுபவித்ததாகத்தான் சட்டம் எடுத்துக்கொள்ளும். திருப்பூரிலோ கோவையிலோ வேலைக்குப் போய்விட்டு வருஷத்துக்கு ஒரு முறை ஹெத்தையம்மன் பண்டிகைக்கு மட்டும் வருகிறவருக்கும் உரிமை அப்படியே இருக்கும்.

உனக்கு இங்கே ஒன்றும் இல்லை என்று வெளிப்படையாக மறுத்து வெளியேற்றினால் கதை மாறும். அது உங்களுக்குத் தெரிந்த நாளிலிருந்து பன்னிரண்டு வருடக் கணக்கு ஓட ஆரம்பிக்கும். பங்கு கேட்டு நோட்டீஸ் விட்டு, தர முடியாது என்று பதில் வந்திருந்தால் அந்தத் தபாலை வைத்துக்கொண்டு சும்மா இருந்துவிடாதீர்கள்.

12. இத்தனை வருஷ இலைப் பணத்துக்குக் கணக்குக் கேக்க முடியுமா?

கேட்கலாம். பாகம் கேட்கும் வழக்கிலேயே வருமானக் கணக்கையும் சேர்த்துக் கேட்க வேண்டும். பச்சைத் தேயிலை எத்தனை கிலோ, எந்தத் தேதி, என்ன விலை என்று ஃபேக்டரியில் பதிவு இருக்கும், வங்கிக் கணக்கும் பேசும். பூண்டிலும் உருளைக்கிழங்கிலும் மண்டிச் சீட்டுதான், அதைத் தேடுவது கஷ்டம். உரம், கவாத்து, கூலிச் செலவை அண்ணன் கழிப்பார். அது நியாயம்தான். கூலி கொடுத்துப் பார்த்தால்தான் கொழுந்தில் என்ன மிஞ்சும் என்று தெரியும்.

அந்த வருமானத்தில் அவர் தன் பெயரில் வேறு நிலம் வாங்கியிருந்தால் அதிலும் பங்கு கேட்கலாம். ஆனால் பொதுத் தோட்டத்தில் வாங்கும் அளவுக்கு மிச்சம் இருந்தது என்று காட்ட வேண்டியது நீங்கள். அவருக்குத் தனிச் சம்பளம் இருந்திருந்தால் உங்கள் பக்கம் பலவீனம்தான். தோட்டத்தில் நிற்கும் மரத்தை வெட்டி விற்கப் பார்க்கிறார் என்றால் உடனே தடையுத்தரவு கேளுங்கள். மலைப்பகுதியில் 1955-ம் வருட மரங்கள் பாதுகாப்புச் சட்டப்படி மரம் வெட்டக் குழுவின் அனுமதியும் வேண்டும், அங்கேயும் உங்கள் ஆட்சேபணையைக் கொடுக்கலாம்.

13. கேஸ் எங்க போடணும்? எவ்வளவு ஆகும்?

நிலம் எங்கேயோ அங்கே. நிலம் கோத்தகிரியிலும் வீடு கோவையிலுமாக இருந்தால் இரண்டில் ஓர் இடத்தில் போடலாம். மதிப்பைப் பார்த்து முன்சிப் கோர்ட், சார்பு நீதிமன்றம், மாவட்ட நீதிமன்றம் என்று போகும். மேல்முறையீடு உயர் நீதிமன்றம் வரை போனால் நீலகிரிக்காரர்கள் சென்னைக்கும், கொடைக்கானல்காரர்கள் 2004-லிருந்து மதுரைக் கிளைக்கும் போக வேண்டும்.

கோர்ட் கட்டணம் ஒரு விஷயத்தைப் பொறுத்தது. நானும் கூட்டு அனுபவத்தில் இருக்கிறேன் என்று சொல்ல முடிந்தால் நிலையான சிறு தொகைதான். வெளியேற்றப்பட்டவர் என்றால் உங்கள் பங்கின் சந்தை மதிப்பில் 3 விழுக்காடு. 2017-க்கு முன்னால் அது 7.5 விழுக்காடாக இருந்தது. பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமானம் பார்க்காமலே இலவசச் சட்ட உதவி உண்டு. கேட்கக் கூச்சப்படுகிறவர்கள்தான் அதிகம்.

எல்லாச் சொத்தையும் எல்லாப் பங்காளியையும் ஒரே வழக்கில் சேருங்கள். ஒருவரை விட்டால் அதைச் சொல்லியே வழக்கைக் கவிழ்ப்பார்கள்.

14. மூணுல ஒரு பங்குன்னு தீர்ப்பு வந்து ஆறு வருஷம் ஆச்சு. இன்னும் நிலம் கைக்கு வரலியே?

உங்களிடம் இருப்பது முதல்நிலைத் தீர்ப்பு. யாருக்கு எத்தனை பங்கு என்று மட்டும் அது சொல்லும். எந்தத் துண்டு யாருக்கு என்பதற்கு இறுதித் தீர்ப்பு கேட்டுத் தனியாக மனுப் போட வேண்டும். அதற்குக் காலக்கெடு கிடையாது என்று உச்ச நீதிமன்றம் 2009-ல் சொல்லியிருப்பதால் ஆறு வருடம் போனாலும் மோசமில்லை. இறுதித் தீர்ப்பு வந்து முத்திரைத் தாளில் ஏறிய பிறகு, நிலத்தைக் கைக்கு வாங்க நிறைவேற்று மனு.

நடுவில் வருகிறவர் வக்கீல் கமிஷனர். சர்வேயரோடு நிலத்துக்கு வந்து அளந்து பிரித்து அறிக்கை தருவார். சமவெளியில் ஏக்கரை மூன்றாக வெட்டினால் வேலை முடிந்தது. மலையில் அப்படி இல்லை. ரோட்டோரம் இருக்கும் இருபது சென்ட்டும் கீழே சதுப்பை ஒட்டிய இருபது சென்ட்டும் ஒன்றாகுமா? ஊற்று யார் பக்கம் விழுகிறது, கீழ்ப் பங்குக்காரர் மருந்தும் உரமும் எந்த வழியாக இறக்குவார், மூட்டையை எந்தத் தடத்தில் ஏற்றுவார், பழைய விதைச் செடி யாருக்கு, குளோன் செடி யாருக்கு, இதெல்லாம் கேள்வி. மேல்மலையில் பூண்டு வயல் என்றால் படிக்கட்டு வரப்பும் தண்ணீர் முறையும் சேரும். கமிஷனர் வரும் அன்று நீங்கள் கட்டாயம் கூடவே நிற்க வேண்டும். தடத்தையும் ஊற்றையும் அறிக்கையில் எழுதச் சொல்லுங்கள். மதிப்பில் ஏற்றத்தாழ்வு இருந்தால் பணமாக ஈடு கேளுங்கள்.

எங்கள் வீட்டு வழக்கில் அளந்த அன்று மூடுபனி. பத்தடிக்கு அப்பால் ஒன்றும் தெரியவில்லை. அப்பா ஃபேக்டரிக்குப் போயிருந்தார். அறிக்கையில் ஊற்றுக்குப் போகும் தடமே இல்லை. அந்த நாலடித் தடத்துக்காக இன்னும் மூன்று வருடம் நடந்தோம்.

15. வீட்டை எப்படிங்க மூணாப் பிரிக்கிறது?

முடியாது, அதுவும் இரண்டு பக்கமும் அடுத்த வீட்டுச் சுவரோடு ஒட்டி நிற்கும் ஹட்டி வீட்டை. 1893-ம் வருடப் பாகப்பிரிவினைச் சட்டம் இதற்கு வழி சொல்கிறது. பிரிக்க இயலாத சொத்தை விற்றுப் பணமாகப் பிரிக்கக் கோர்ட் உத்தரவிடலாம். மற்ற பங்காளிகள் மதிப்புக் கொடுத்துத் தாங்களே எடுத்துக்கொள்ளக் கேட்கலாம்.

இதில் இன்னொன்றும் கேட்பார்கள். தம்பி தன் பங்கை வெளியூர்க்காரருக்கு விற்றுவிட்டான், அவர் காட்டேஜ் கட்ட உள்ளே வருகிறார் என்று. பிரியாத பங்கை விற்பது செல்லும். ஆனால் குடியிருக்கும் குடும்ப வீடு என்றால், வாங்கியவர் பாகம் கேட்டு வழக்குப் போடும்போது அதே சட்டத்தின் 4-வது பிரிவுப்படி அந்தப் பங்கைக் கோர்ட் சொல்லும் மதிப்புக்குக் குடும்பத்தார் வாங்கிக்கொள்ளலாம்.

16. கேஸ் நடக்கும்போதே அவன் வித்துட்டா?

வாங்கியவர் வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டவர்தான். எனக்குத் தெரியாது என்று அவர் சொன்னாலும் எடுபடாது. ஆனால் விற்பனை ரத்தாகிவிடும் என்று நினைக்காதீர்கள். விற்றவனுக்கு விழும் துண்டை வாங்கியவருக்கு ஒதுக்குவார்கள். விற்கவே விடக் கூடாது என்றால் வழக்கோடு சேர்த்துத் தடையுத்தரவும் வாங்குங்கள்.

17. அக்காவுக்குக் குழந்தை இல்ல, போயிட்டாங்க. அப்பா வழி நிலம் மாமாவுக்கா, எங்களுக்கா?

நிலம் அக்கா கைக்கு எப்படி வந்தது? அப்பா இறந்து வாரிசுரிமையாக வந்திருந்தால், இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 15-வது பிரிவுப்படி அது அப்பாவின் வாரிசுகளுக்குத் திரும்பும், மாமாவுக்கு இல்லை. அப்பா உயிரோடு இருக்கும்போது செட்டில்மெண்டாகவோ உயில் மூலமோ கொடுத்திருந்தால், அக்கா சொந்தமாக வாங்கியிருந்தால், கணவருக்குப் போகும். ஒரே நிலம், காகிதம் வேறு, வாரிசும் வேறு. பாசமாக எழுதிக் கொடுத்த அப்பாக்களுக்கு இது தெரிவதில்லை.

18. அப்பாவுக்கு இன்னொரு குடும்பம் இருந்தது. அவங்களும் பங்கு கேக்குறாங்க.

இந்தக் கேள்வியை யாரும் சத்தமாகக் கேட்பதில்லை. மற்றவர்கள் எழுந்து போகட்டும் என்று காத்திருந்து கேட்பார்கள். முதல் மனைவி இருக்கும்போது நடந்த இரண்டாவது கல்யாணம் செல்லாது, அந்த அம்மாவுக்கு மனைவி என்ற முறையில் பங்கு இல்லை. பிள்ளைகளுக்கு உண்டு. அப்பாவின் தனிச் சொத்தில் உங்களோடு சமமாக வருவார்கள். கூட்டுக்குடும்பச் சொத்தில், அப்பாவுக்கு எவ்வளவு விழுந்திருக்குமோ அதற்குள் மட்டும் வருவார்கள் என்று உச்ச நீதிமன்றம் 1.9.2023-ல் தீர்ப்புச் சொல்லியிருக்கிறது. வாரிசுச் சான்றில் அவர்கள் பெயரை மறைத்து வாங்கினால் நாளைக்கு உங்கள் வழக்குதான் பலவீனமாகும்.

19. கூடலூர் பக்கம் நிலம், பட்டாவே இல்ல. பாகம் கேட்டு கேஸ் போடலாமா?

கேரளத்து நிலம்பூர் கோவிலகம் என்ற அரச குடும்பத்தின் ஜென்ம நிலமாக, அதாவது பரம்பரை உரிமை நிலமாக, இருந்தவை அவை. 1969-ம் வருட ஜென்ம ஒழிப்புச் சட்டத்துக்குப் பிறகும் பல இடங்களில் உரிமை தீராமல் கிடக்கிறது. உங்களுக்குள் அனுபவத்தை எப்படிப் பிரித்துக்கொள்வது என்று தீர்த்துக்கொள்ளலாம், அது அரசையோ வனத்துறையையோ கட்டுப்படுத்தாது. இல்லாத பட்டாவுக்காக அண்ணன் தம்பி அடித்துக்கொள்வதைவிட, எல்லாரும் சேர்ந்து பட்டாவுக்கு மனுப் போடுவது மேல் என்பது என் அபிப்பிராயம்.

20. கோர்ட்டுக்குப் போகாமப் பேசி முடிச்சா செல்லுமா?

நன்றாகச் செல்லும். பேசியதை எழுதிப் பதிவு செய்ய வேண்டும், அவ்வளவுதான். குடும்பத்துக்குள் போடும் பாகப்பிரிவினைக்கு முத்திரைத் தீர்வை பங்கின் மதிப்பில் 1 விழுக்காடு, உச்சவரம்பு பங்குக்கு 40,000 ரூபாய். பதிவுக் கட்டணமும் 1 விழுக்காடு, உச்சவரம்பு 10,000 ரூபாய். 2023 ஜூலையில் ஏறிய அளவு இது. பதினைந்து வருடம் வாய்தாவுக்குப் பஸ் ஏறும் செலவோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

ஊர்ப் பெரியவர்கள் பேசி வைத்தது மட்டும் இருந்தால், ஒருவர் மனம் மாறினால் போச்சு. வழக்கு ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்தால் லோக் அதாலத்தில் முடியுங்கள். அதற்கு மேல்முறையீடு கிடையாது, கட்டிய கோர்ட் கட்டணமும் திரும்பி வரும்.

21. சரி, நாளைக்கு வக்கீலைப் பார்க்கப் போறேன். என்னென்ன எடுத்துட்டுப் போகணும்?

தாய்ப் பத்திரம், எவ்வளவு பின்னால் போக முடியுமோ அவ்வளவு வருடத்துக்கு வில்லங்கச் சான்று, பட்டா, அ பதிவேட்டு நகல், புலப்படம். குடும்பத்தில் இறந்த எல்லாருடைய இறப்புச் சான்றும், ஏன் என்று 2-வது பதிலில் சொல்லியிருக்கிறேன். உயில், செட்டில்மெண்ட், விடுதலைப் பத்திரம், கூர்ச்சீட்டு எது இருந்தாலும் உங்களுக்குப் பாதகமானதையும் சேர்த்து எடுத்துப் போங்கள். எதிர்த்தரப்பு எப்படியும் அதைக் கொண்டுவரும்.

அப்புறம் ஒரு வெள்ளைத் தாளில் குடும்ப மரம். தாத்தா பாட்டியிலிருந்து ஆரம்பித்து எல்லாப் பெயரும், இருக்கிறாரா இல்லையா என்பதும் வேண்டும். என் எதிரில் உட்கார்ந்து இதை எழுதுகிறவர்கள் ஆண்கள் பெயரை மளமளவென்று எழுதிவிடுவார்கள். பெண்கள் எத்தனை பேர் என்று நான் கேட்டபிறகு பேனா நிற்கும். மைசூர்ப் பக்கம் கட்டிக்கொடுத்துப் போக்குவரத்து விட்டுப்போன ஓர் அத்தை அப்போதுதான் ஞாபகத்துக்கு வருவார். 13-வது பதிலில் சொன்ன காரணத்துக்காக அவருடைய விலாசத்தைத்தான் முதலில் தேட வேண்டியிருக்கும்.